அசையாப் படங்களில் ஓர் அசைவு

கிறிஸ் மார்க்கரின் ‘லா ஜெத்தே’ (1962) மூன்றாம் உலகப் போரில் அழிந்த பாரிசைச் சித்திரிக்கும் 28 நிமிடப் பிரெஞ்சுப் படம். ஏறத்தாழ முழுவதும் அசையா ஒளிப்படங்களால் ஆனது. நிலத்தடி முகாமில் கைதியாயிருக்கும் நாயகனைக் கடந்த காலத்துக்கு இட்டுச் செல்வது, சிறு பராயத்தில் அவன் கண்ட ஒரு பெண்ணின் முகமே. அப்பெண்ணாகத் தோன்றியவர் ஹெலேன் சாத்லேன். பாத்திரத்துக்குப் பெயரில்லை, குரலுமில்லை, அவளுக்காகவும் கதைசொல்லியே பேசுகிறான். நெறியாளரைப் போற்றிய விமர்சனம் இந்நடிகையைப் பெரிதும் கருதவில்லை. எனினும், துயிலெழும் அவள் கண் திறந்து இமைக்கும் சில வினாடிகளிலேயே படம் அசைகிறது. அக்கணத்தில் அவள் பிறர் நினைவிலுள்ள பிம்பமாயிராது, தன்னுயிர் கொண்ட மனிதப் பிறவியாகிறாள்.

1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம்கள் பலர் குடியேறிய புத்தளத்துத் தில்லையடியிலிருந்து நோக்குமிடத்து, இது வெறும் உத்திப் பிரச்சினையன்று. இழந்த ஊரை நினைவிற் சுமப்போர், முகாம் ஒளிப்படங்களின் அசையா உருவங்களாகவே பிறருக்கு அறிமுகமாயினர். அவர்கள் கண் திறந்து எம்மை நோக்கும் கணத்தைக் காட்டுவதே முற்போக்குக் கலையின் கடமை என்போம்.