பாடம் கேட்ட குரல்

நாமக்கல்லிலிருந்து புறப்படும் சரக்கு லாரி வாளையாற்றைக் கடந்தால் மலையாளம். ஓசூரைக் கடந்தால் கன்னடம். ஓட்டுநர் கேட்கும் பாட்டின் மொழி மாறினாலும் குரல் பல வேளைகளில் மாறுவதில்லை. அது கே. ஜே. யேசுதாஸின் குரல். நம் பங்கு மக்களில் அவரை ‘நம்மவர்’ என்று பெருமை கொள்வோர் உண்டு. கத்தோலிக்கராய்ப் பிறந்தவர் ஐயப்பனைப் பாடலாமா என்று முகம் சுளிப்போரும் உண்டு. இரு சாராருமே அவர் பாட்டைச் சரியாகக் கேட்கவில்லை என்பது என் எண்ணம்.

1940இல் ஃபோர்ட் கொச்சியில் பிறந்தவர். நாடக நடிகரும் பாடகருமான தந்தை அகஸ்டின் ஜோசப்பே முதல் ஆசான். பின்னர் திருப்பூணித்துறை இசைக் கல்லூரியில் முறையாகப் பயின்றார். செம்பை வைத்தியநாத பாகவதரிடமும் பாடம் கேட்டார். 1961இல் திரைக்கென முதன்முதலாக அவர் பாடியது, சாதி வேற்றுமையும் மதப் பகையும் அற்ற இடத்தைப் பற்றிய ஸ்ரீ நாராயண குருவின் செய்யுள். (மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ 1938இல் நம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்தது என்பதை இளையோர் அறிவாரோ?)

பல இசை மரபுகளைக் கலந்தவர் என்று அவரைப் போற்றுவது வழக்கம். ‘கலந்தவர்’ என்னும் சொல் எனக்கு நிறைவளிக்கவில்லை. ரவீந்திர ஜெயின் இசையமைத்த ‘சித்சோர்’ (1976) இந்திப் பாடல்களைக் கேளுங்கள். கர்நாடக இசையின் கனத்த கமகங்களை அங்கே அவர் அடக்கிக்கொள்கிறார். பயிற்சி தந்த மூச்சும் சுருதிச் சுத்தமும் மட்டுமே எஞ்சுகின்றன. ‘மேகசந்தேசம்’ (1982) தெலுங்குப் படத்திலோ கற்ற இசை தயக்கமின்றி வெளிப்படுகிறது. இவ்விரு படங்களுக்குமே தேசிய விருது பெற்றார்; அவ்விருது எட்டு முறை அவரைத் தேடி வந்தது. ஒவ்வொரு மரபின் வாசலிலும் மாணவனாக நின்றவர் அவர். குறையும் உண்டு: தமிழில் 1964இன் ‘பொம்மை’ தொடங்கிப் பாடியும், அவரது உச்சரிப்பில் மலையாள வாடை முற்றிலும் நீங்கவில்லை.

சபரிமலையில் இரவு நடை சாத்தும்போது ஒலிக்கும் ‘ஹரிவராசனம்’ பதிவு, தேவராஜன் இசையில் ‘சுவாமி ஐயப்பன்’ (1975) படத்துக்காக அவர் பாடியது. ஆரவாரமற்ற மத்தியமாவதி, தாலாட்டும் தாயின் அடக்கம். அதே பாடகருக்குக் குருவாயூர்க் கோயிலுக்குள் செல்ல அனுமதி இல்லை. எனினும் குருவின் பெயரால் நடக்கும் விழாவில், வெளியிலுள்ள அரங்கில் அமர்ந்து பாடினார்.

நம் பக்திப் பாடல்களையும் அவர் பாடியிருக்கிறார். அவற்றுள் பலவற்றில் குரல் இருக்கிறது. அக்குரலுக்குரிய இசை இல்லை. பழி அவருடையதன்று. மக்களின் இசை மரபுக்கு உரிய மதிப்பும் தக்க இடமும் அளிக்கப்பட வேண்டுமென்று 1963இலேயே இரண்டாம் வத்திக்கான் சங்கம் திருவழிபாட்டுக் கொள்கைத் திரட்டில் (எண் 119) கூறிவிட்டது. நாமோ திரைமெட்டுக்குத் திருப்பாடல் வரிகளைப் பொருத்திக்கொண்டிருக்கிறோம்.

முன்பு நான் பணியாற்றிய பங்கில், பாடகற்குழுச் சிறுவன் ஒருவன் கோயில் நாதஸ்வர வித்துவானிடம் இசை பயில விரும்பினான். பெற்றோர் என்னிடம் கேட்க வந்தனர். ஊரார் பேச்சுக்கு அஞ்சி, ‘பிறகு பார்க்கலாம்’ என்றேன். அவன் இன்று திருப்பலியில் கீபோர்டு வாசிக்கிறான். தாளத்தை அந்தக் கருவியே போட்டுக்கொள்கிறது.