தேளை ஆட வைத்த கை

வகுப்பில் இயற்கை ஆவணப்படம் போட்டால் ஒளிப்பதிவைப் பாராட்டுவோம், பின்னணிக் குரலைப் பாராட்டுவோம். படத்தொகுப்பாளர் பெயர் வருவதற்குள் நாமே நிறுத்திவிடுகிறோம், இல்லையா? நார்மன் பால்மர் என்ற பெயரும் அப்படிக் கவனிக்கப்படாமல் ஓடிப்போனதுதான். டிஸ்னியின் 'தி லிவிங் டெசர்ட்' (1953), 'தி ஆப்பிரிக்கன் லயன்' (1955), 'ஒயிட் வில்டர்னஸ்' (1958) மூன்றையும் தொகுத்தவர் அவர். மிலோட் தம்பதி ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் ஆப்பிரிக்காவில் அலைந்து எடுத்ததை ஒன்றேகால் மணி நேரப் படமாக்கியது சாதாரண வேலையா?

'லிவிங் டெசர்ட்'டில் இரண்டு தேள்கள் கொடுக்கு கோத்து நாட்டுப்புற இசைக்கு ஆடும். இணை சேரும் முன் தேள்கள் அப்படி முன்னும் பின்னும் நகர்வது உண்மைதான். ஆனால், அந்தத் தாளம் படச்சுருளைத் திருப்பித் திருப்பி ஓட்டிக் கொண்டுவந்தது. விமர்சகர்கள் முகம் சுளித்தார்கள். எனக்கு அதில் பெரிய கோபம் இல்லை. "டீச்சர், தேள் எப்படி மியூசிக்குக்கு ஆடும்?"னு நம்ப பிள்ளைங்களே கேட்டுடுவாங்க.

'ஒயிட் வில்டர்னஸ்' விஷயம் வேறு. லெம்மிங் என்பது வடதுருவப் பகுதியில் வாழும், எலி போன்ற சிறு பிராணி. அவை கூட்டங்கூட்டமாகக் கடலில் குதிப்பதாக ஒரு காட்சி. எடுத்த இடமோ கனடாவின் ஆல்பர்ட்டா. அங்கே கடலே கிடையாது! பிராணிகளை வெளியிலிருந்து கொண்டுவந்து, சுழலும் பலகையில் ஓடவிட்டு, ஆற்றுக்குள் தள்ளியிருக்கிறார்கள். 1982இல் கனடாவின் சிபிசி தொலைக்காட்சி இதை அம்பலப்படுத்தியது.

களத்தில் நடந்ததற்குப் பால்மரைக் குற்றம் சொல்ல முடியாது. ஆனால், கொஞ்சம் பிராணிகள் பெருங்கூட்டமானதும் ஆறு கடலானதும் தொகுப்பு மேசையில்தான். வெட்டியது எங்கே, ஒட்டியது எங்கே என்றே தெரியாது. தொழில் என்று பார்த்தால் தேளாட்டத்தைவிட நேர்த்தியானது. அதனால்தான் இதை மன்னிக்க எனக்கு மனம் வரவில்லை. இத்தனைக்கும், இந்தத் தற்கொலைக் கதை பாதி உண்மை பாதி பொய் என்றே பின்னணிக் குரல் சொல்கிறது. யார் காதில் விழுந்தது? படத்துக்கு ஆஸ்கார் கிடைத்தது. லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்ற நம்பிக்கையும் ஊரெல்லாம் பரவியது.

1998இல் 'டிஸ்னி லெஜண்ட்' என்று பால்மர் கௌரவிக்கப்பட்டார். தகுதியானவர்தான், மறுக்கவில்லை.

இடைநிலைப்பள்ளியில் இந்தக் காட்சியைக் காட்டுவதானால், முதலில் ஒலியை அடைத்துவிட்டு ஓட்டிப் பாருங்கள். ஒரே சட்டகத்தில் அதிகபட்சம் எத்தனை லெம்மிங்குகள் தெரிகின்றன என்று மாணவர்களையே எண்ணச் சொல்லுங்கள்.