பார்ட்லி படைத்த நிலவு

வெண்திரை கட்டிய தோட்டத் திடல்களில் மாயாஜாலப் படங்களுக்கு இருந்த வரவேற்பைக் காஹாங் வட்டாரத்து முதியோர் நன்கறிவர். அவற்றைச் சிறுபிள்ளை விளையாட்டென ஒதுக்கும் திறனாய்வாளர், ஒளிப்பதிவாளர் மார்க்கஸ் பார்ட்லியையும் உடன் ஒதுக்கிவிடுகின்றனர். 'பாதாள பைரவி' (1951), 'மாயா பஜார்' (1957) ஆகிய இரண்டும் அவர் கைவண்ணம். கடோத்கசன் வாய்க்குள் இலட்டுகள் தாமே பறந்து புகுவதை யாவரும் வியப்பர். எனக்கோ அது பெரிதன்று. அபிமன்யுவும் வத்சலாவும் ஓடத்தில் செல்லும் காட்சிக்கு, வண்ணத்தின் துணையுமின்றி, அரங்க விளக்குகளைக் கொண்டே நிலவொளியைப் படைத்தாரே, அதுவன்றோ கலை! ஒளிப்பதிவுக்கான தேசிய விருது அவருக்குக் கிட்டியது 'சாந்தி நிலையம்' (1969) என்னும் சமூகப் படத்துக்கே. 'செம்மீன்' (1965) காட்டிய கடலைப் போற்றும் அறிஞர்களும், அக்கடலைக் கண்ட கண் அந்தப் பொய் நிலவில் பழகியது என்பதை எண்ணிப் பார்ப்பதில்லை.