லாஸ்லோ மொஹோலி-நாகி: ஒளியும் ஒரு பெயரும்

லாஸ்லோ மொஹோலி-நாகி (ஜூலை 20, 1895 - நவம்பர் 24, 1946) ஹங்கேரியில் பிறந்து, ஜெர்மனி, நெதர்லாந்து, இங்கிலாந்து வழியாக அமெரிக்காவில் குடியேறிய கலைஞர். ஓவியம், சிற்பம், ஒளிப்படம், திரைப்படம், நூல் வடிவமைப்பு, மேடையமைப்பு, கலைக்கல்வி ஆகிய துறைகளில் இயங்கினார். அகலக்கால் வைத்தவர் என்று அவரை ஒதுக்கிவிடுவது எளிது. துறைவாரியாகப் பிரித்துப் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். ஆனால் ஏறத்தாழ எல்லாப் படைப்புகளிலும் அவர் கையாண்ட பொருள் ஒன்றே: ஒளி.

வாழ்வும் இடப்பெயர்வும்

அவருடைய இயற்பெயர் லாஸ்லோ வைஸ். தந்தை குடும்பத்தைவிட்டு நீங்கியபின் ஆதரவளித்த வழக்கறிஞரின் பெயர் நாகி. இளமையில் வாழ்ந்த ஊர் மொஹோல். இரண்டையும் சேர்த்துத் தன் பெயரை அமைத்துக்கொண்டார். புடாபெஸ்டில் சட்டம் படிக்கும்போதே முதல் உலகப்போருக்குச் சென்றார். போர்முனையில் ராணுவ அஞ்சலட்டைகளில் சித்திரங்கள் வரைந்தார், காயமுற்றார். 1919-ல் வியன்னாவுக்கும் 1920-ல் பெர்லினுக்கும் பெயர்ந்தார்.

1923-ல் வால்டர் குரோப்பியஸ் அவரைப் பௌஹவுஸ் கலைப்பள்ளிக்கு அழைத்தார். யொஹானஸ் இட்டன் விலகிய இடத்தில் தொடக்கநிலை வகுப்பையும் உலோகப் பட்டறையையும் ஏற்றார். மணல்தாள், கம்பளி, கம்பி, மரம் ஆகியவற்றைப் பலகையில் ஒட்டி, விரலால் தடவி வேறுபாட்டை உணர்வது மாணவர்களுக்குரிய பயிற்சிகளில் ஒன்று. வரையக் கற்பதற்குமுன் பொருளை அறியவேண்டும் என்ற இந்த முறை எந்தப் பள்ளிக்கும் பொருந்தும். பெண்களைப் பெரும்பாலும் நெசவுப் பிரிவுக்கே அனுப்பிய அக்காலத்தில் மரியான் பிராண்ட் உலோகப் பட்டறையில் சேர ஊக்கமளித்தார். பிராண்ட் பின்னர் புகழ்பெற்ற வடிவமைப்பாளரானார்.

படைப்புகள்

1922 முதல் ஒளியுணர் தாளின்மேல் பொருள்களை வைத்து, கேமரா இல்லாமலே ஒளியைப் படவைத்து ஃபோட்டோகிராம்களை உருவாக்கினார். 1930-ல் பாரிஸில் காட்சிக்கு வைக்கப்பட்ட ‘ஒளி-வெளி மாடுலேட்டர்’ அவருடைய முதன்மைப் படைப்பு. துளையிட்ட உலோகத் தகடுகளும் கண்ணாடியும் மோட்டாரால் சுழல, விளக்கொளி அவற்றில் பட்டுச் சுவரெங்கும் நிழல்கள் நகரும். கருவியை மட்டும் பார்த்துத் திரும்புபவர் படைப்பில் பாதியையே பார்க்கிறார். அதையே படம்பிடித்து ஒரு குறும்படமும் எடுத்தார். ஃபோட்டோகிராம், கருவி, திரைப்படம் மூன்றும் ஒரே தேடலின் அடுத்தடுத்த படிகள். நகர்ந்துகொண்டே இருந்தவருக்கு ஒளி பொருத்தமான ஊடகம். எந்த ஊரிலும் கிடைக்கும், சுமக்கவேண்டியதில்லை.

‘தொலைபேசி ஓவியங்கள்’ பற்றி விவாதம் உண்டு. ஒரே வடிவத்தை மூன்று அளவுகளில், எனாமல் பலகை செய்யும் தொழிற்சாலையில் செய்யவைத்தார். தொலைபேசியிலேயே செய்முறையைச் சொன்னதாகப் பின்னாளில் எழுதினார். அவருடைய முதல் மனைவி லூசியா மொஹோலி இதை மறுத்தார். முடிந்த பலகைகளைக் கண்ட மகிழ்ச்சியில் ‘தொலைபேசியிலேயே செய்திருக்கலாம்’ என்ற பொருளில் அவர் சொன்னதே கதையாக வளர்ந்தது என்பது லூசியாவின் விளக்கம். உடனிருந்தவர் சொல் என்பதால் அதற்கே எடை அதிகம். எதுவாயினும் படைப்பில் கலைஞரின் கைத்தடம் தேவையில்லை என்ற கருத்து அவருடையது. கேள்வி அங்கிருந்தே எழுகிறது.

லூசியாவின் பங்கு

பிராகில் பிறந்த லூசியாவும் புலம்பெயர்ந்தவரே. இருட்டறைப் பணியைப் பயின்றவர். மொஹோலி-நாகியின் ஜெர்மன் மொழி தடுமாற்றமானது; அவருடைய எழுத்துக்களைச் செம்மைப்படுத்தியவர் லூசியா. ஃபோட்டோகிராம் சோதனைகளை இருவரும் சேர்ந்தே செய்ததாக லூசியா எழுதினார். ஆனால் 1925-ல் வந்த ‘ஓவியம், ஒளிப்படம், திரைப்படம்’ நூலில் ஆசிரியர் பெயர் ஒன்றே. கை முக்கியமல்ல என்றவர் பெயரைப் பகிர்ந்துகொள்ளவில்லை. மொஹோலி-நாகியை மதிப்பிடும்போது இதைக் கடந்துசெல்வது நேர்மையாகாது.

இருவரும் 1929-ல் பிரிந்தனர். 1933-ல் நாஜிகளுக்கு அஞ்சி பெர்லினைவிட்டு வெளியேறிய லூசியா, பௌஹவுஸ் கட்டடங்களைத் தான் எடுத்த படங்களின் ஐந்நூறுக்கும் மேற்பட்ட கண்ணாடி நெகட்டிவ்களை விட்டுச்சென்றார். அவை குரோப்பியஸிடம் சேர்ந்து, லூசியாவின் பெயரின்றி நூல்களில் பலமுறை வெளியாயின. அவற்றில் ஒரு பகுதியை 1950-களில் சட்டத்தின் துணையுடன்தான் மீட்கமுடிந்தது.

சிகாகோ

மொஹோலி-நாகி 1937-ல் சிகாகோவில் ‘நியூ பௌஹவுஸ்’ பள்ளியை நடத்த வந்தார். பணமின்றி அது ஓராண்டில் மூடப்பட்டது. 1939-ல் தானே ஒரு பள்ளியைத் தொடங்கினார். ரத்தப் புற்றுநோய் கண்ட பிறகும் கற்பித்தார், வரைந்தார். நோயின் பெயரையே சுருக்கித் தலைப்பாக்கிய ஓவியங்கள் அக்காலத்தவை. அவருடைய ‘விஷன் இன் மோஷன்’ நூல் மறைவுக்குப்பின் 1947-ல் வெளிவந்தது. பள்ளி 1949-ல் இல்லினாய்ஸ் தொழில்நுட்பக் கழகத்துடன் இணைந்தது.

மொஹோலி-நாகி பற்றிய தவறான பதிவுகளைத் திருத்தி லூசியா எழுதிய சிறுநூல் 1972-ல் வெளியானது. அப்போது அவருக்கு வயது 78.