இரண்டு அரிசி அகலத்தில் ஓர் ஓவியம்

குடவாசல் பக்கம் கீற்றுக் கொட்டகைகளில் படம் ஓடிய காலத்தில், அறுந்த பிலிம் துண்டுகளைப் பொறுக்கி, கண்ணாடியில் வெயிலைத் திருப்பி, தண்ணீர் நிரப்பிய குண்டு பல்பு வழியே வேட்டியில் படம் காட்டிய சிறுவர்கள் ஏராளம். அந்தத் துண்டிலிருக்கும் நடிகரின் முகத்தைச் சுரண்டிவிட்டு மை தடவினால் என்ன தெரியும்? நியூசிலாந்துக்காரர் லென் லை இதற்குத் திரையிலேயே விடை சொன்னார். 1935இல் அவர் செய்த ‘எ கலர் பாக்ஸ்’ பிரிட்டிஷ் தபால் துறையின் பார்சல் விளம்பரம். கேமராவே இல்லை, பிலிமின் மீதே வண்ணம்.

16 மி.மீ. பிலிமில் ஒரு கட்டத்தின் (பிரேமின்) அகலம் சுமார் 10 மி.மீ. இரண்டு பொன்னியரிசியை நெட்டாக வைத்தால் நிறைந்துவிடும். அதில் விழும் தூசி திரையில் பாறாங்கல். கை நடுங்கினாலும் அது அப்படியே தெரியும். இந்தக் கலையின் உயிர் அங்கேதான் இருக்கிறது.

ஒரு நிமிடத்துக்கு 1,440 கட்டங்கள். ஒவ்வொன்றையும் தனி ஓவியமாக்கினால் கண் திணறும். லை பல இடங்களில் கட்டங்களைப் பொருட்படுத்தாமல், சேலைக் கரைபோல் நீளவாக்கில் கோட்டை ஓடவிட்டார். கனடாவில் அனிமேஷன் படங்கள் செய்த நார்மன் மெக்லாரனும் ஈவ்லின் லாம்பர்ட்டும் 1949இல் ‘பிகான் டல் கேர்’ படத்தில் ஆஸ்கர் பீட்டர்சனின் ஜாஸுக்கு அதே வழியில் வண்ணத்தை ஆடவைத்தார்கள். இசை பிடிமானம் தருகிறது, கண்ணும் களைப்பதில்லை.

அமெரிக்கத் திரைக்கலைஞர் ஸ்டான் பிராக்கேஜ் அந்தப் பிடிமானத்தையும் உதறினார். 1987இல் வந்த ‘தி டாண்டே குவார்டெட்’ ஆறாண்டு உழைப்பு; ஓடுவது பத்து நிமிடம்கூட இல்லை, ஒலியும் இல்லை. ஒவ்வொரு கட்டமும் நிறுத்திப் பார்த்தால் அற்புதம். ஆனால் ஓடும்போது எதுவும் நிற்பதில்லை. சிக்கல்நாயக்கன்பேட்டைக் கலம்காரித் தொம்பை என்னும் துணித் தொங்கலின் முன்னால் ஒருவர் வேண்டுமட்டும் நின்று பார்க்கலாம். இங்கே அந்த உரிமை பறிபோகிறது. அது பெரிய குறை.

உடலும் விலை கொடுத்தது. தீட்டப் பயன்படுத்திய தார்ச் சாயங்களே தன் சிறுநீர்ப்பைப் புற்றுநோய்க்குக் காரணம் என்று பிராக்கேஜ் நம்பினார். 2003இல் இறந்தார்.

இன்னொரு சிக்கல், பிரதி. தீட்டிய மூலத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டினால் வண்ணம் உதிரும். படியெடுத்தால் சாயத்தின் தடிப்பு போய்விடும். ஒரே பிரதியை நம்புவதன் ஆபத்தை இந்தியாவில் அக்பர் பதம்சீ அனுபவித்தார். அவர் பிலிமில் நேரே தீட்டியவரல்லர். ஓவியராக இருந்து, 1969இல் மும்பையில் ‘ஈவென்ட்ஸ் இன் எ கிளவுட் சேம்பர்’ என்ற அருவப் படம் எடுத்தார். டெல்லிக் கண்காட்சிக்கு அனுப்பிய அந்த ஒரே பிரதி தொலைந்தது. 2016இல் இயக்குநர் அஷிம் அலுவாலியா, முதுமையிலிருந்த பதம்சீயை உட்காரவைத்து, அவருடைய நினைவிலிருந்து அதை மறுபடி உருவாக்க முயன்றார்.