மன்னிப்புக் கேட்டால் முடிந்தது

தீபாவளி நெருங்கினாலே ஒரு வாதம் கிளம்பிவிடுகிறது: நீதிமன்ற அவமதிப்பு வழக்கு என்ற பயம் இருப்பதால்தான் பட்டாசுத் தொழில் கொஞ்சமாவது வழிக்கு வந்ததாம். 2021 அக்டோபர் 29 அன்று, பட்டாசு மீதான தடை மீறப்பட்டால் தலைமைச் செயலாளர் முதல் காவல் நிலையப் பொறுப்பாளர் வரை தனிப்பட்ட முறையில் பொறுப்பு என்று உச்ச நீதிமன்றம் சொன்னதை இதற்குச் சான்றாகக் காட்டுகிறார்கள்.

அவமதிப்பு அதிகாரம் வேண்டியதுதான். அது இல்லாவிட்டால் நீதிமன்றத்தில் ஓய்வூதிய ஆணையை வாங்கியவர் ஆயுள் முழுக்க அலுவலகப் படியேற வேண்டியிருக்கும். அந்த மட்டில் ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் கேட்கும் கேள்வியே கோணல். ஆணைப்படி காரியம் நடந்ததா என்பது அதற்கு இரண்டாம்பட்சம்; வேண்டுமென்றே மீறினாரா என்பதுதான் முதல் கேள்வி. மீறியவர் நிபந்தனையற்ற மன்னிப்பு கேட்டு, ஆணையை நிறைவேற்றியதாகத் தாமதமாகவேனும் ஓர் அறிக்கை தாக்கல் செய்தால் பெரும்பாலும் வழக்கு முடிந்துவிடும். தண்டனையின் உச்சமே ஆறு மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். தீபாவளிக்கு ஒரு கிஃப்ட் பாக்ஸ் வாங்கவே அந்தப் பணம் சரியாகிவிடும். ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்காவிட்டால் அதுவும் இல்லை.

பட்டாசு பற்றிய அர்ஜுன் கோபால் வழக்கையே எடுத்துக்கொள்வோம். அதில் உச்ச நீதிமன்றத்தின் 2018 அக்டோபர் 23 ஆணை பேரியம் உப்பையும் சரவெடியையும் தடை செய்தது. வெடிக்க இரண்டு மணி நேரம் மட்டும் தந்தது. மீறினால் காவல் நிலையப் பொறுப்பாளர் மீதே அவமதிப்பு நடவடிக்கை என்றது. மல்லாங்கிணறு போன்ற பட்டாசு வட்டார ஊரின் காவல் நிலையத்தால் கடிகாரத்தைப் பார்க்க முடியும். அனுமதித்த நேரத்தைத் தாண்டி வெடித்த பையன்மேல் வழக்குப் போட முடியும். அந்தத் தீபாவளிக்கே தமிழ்நாடு முழுக்கப் போட்டார்கள். கம்பி மத்தாப்பு மருந்தில் பேரியம் நைட்ரேட் கலந்திருக்கிறதா என்று அந்த ஏட்டையா எதை வைத்துச் சொல்வார்? ஆலைகளின் உரிமங்களை, தரும் அலுவலகத்தை வைத்து நாக்பூர் லைசென்ஸ், சென்னை லைசென்ஸ், டி.ஆர்.ஓ. லைசென்ஸ் என்று இந்த வட்டாரத்தில் பிரித்துப் பேசுவார்களே, அவற்றில் கையெழுத்திடும் மேசைகள் இருக்கும் இடம் வேறு.

விளைவு என்ன? 2020 மார்ச்சில் சி.பி.ஐ. விசாரணை, 2021 செப்டம்பரில் ஆறு உற்பத்தியாளர்களிடம் விளக்கம் கேட்பு, 2023 செப்டம்பர் 22 அன்று பேரியத்துக்கு அனுமதி கேட்ட மனு நிராகரிப்பு. ஐந்து ஆண்டுகளில் நீதிமன்றத்தின் கோபம் வளர்ந்தது, கண்காணிப்பு வளரவில்லை. அவமதிப்புச் சட்டம் காப்பது நீதிமன்றத்தின் மானத்தை. புகையை மூச்சில் வாங்கும் குழந்தைக்கும், ஆலை பூட்டப்பட்டால் வாரக்கூலி இழக்கும் தொழிலாளிக்கும் அதில் இடமே கிடையாது.

தலைமைச் செயலாளர் வரை நீளும் பட்டியலால் பயனில்லை. எந்த உரிம அதிகாரி, எந்த ஆலையின் மருந்தை, எந்தத் தேதிக்குள் பரிசோதித்துக் காட்ட வேண்டும் என்று ஆணையிலேயே எழுதட்டும். அதைச் செய்யாதவரிடம் மன்னிப்புக் கடிதம் வாங்காமல், செய்து முடிக்கும்வரை உரிமம் வழங்கும் அதிகாரத்தை நிறுத்தி வைக்கட்டும்.