ஊமைப்படம் உரைத்ததும் மறைத்ததும்

பேசாத படம் பொய் சொல்லுமோ? சொல்லும், தோழர்களே! காட்டாமல் விடுவதன் மூலமே சொல்லும்.

1911இல் பாத்தே நிறுவனம் அமெரிக்கத் திரையரங்குகளிலே செய்திப்படத்தை ஓடவிட்டது. 1919இல் பாக்ஸ் நிறுவனமும் களம் புகுந்தது. கதைப்படத்துக்கு முன்னே சில மணித்துளிகள்: கப்பல் நீரில் இறங்கும், கட்டடம் தீப்பற்றி எரியும், நீச்சலுடை நங்கையர் சிரிப்பர், தலைவர் தொப்பியை உயர்த்துவார். இதுதான் அமெரிக்கா என்றது திரை. ஆம் என்று நம்பினர் மக்கள்.

1925 ஆகஸ்ட் 8. வாஷிங்டன் வீதியிலே கூ க்ளக்ஸ் க்ளான் கூட்டம் வெள்ளங்கி பூண்டு பல்லாயிரவராய் அணிவகுத்தது. முகமூடி இல்லை, முகத்தை மறைக்க வேண்டுமென்ற கூச்சமும் இல்லை! படக்கருவி அதனைப் பதிவு செய்தது. நிறவெறி நாட்டின் தலைநகரிலே நிமிர்ந்து நடந்ததற்கு அது அழியாச் சான்று. அந்த அளவிலே செய்திப்படத்துக்கு நன்றி கூறுவோம். ஆனால், அந்த வெறியால் வாடியவரின் வீடு எங்கே? அவர்தம் பள்ளி எங்கே? கடை எங்கே? செய்திப்படத்திலே அவற்றைக் காண்பது அரிதினும் அரிது.

காட்டினார் ஒருவர். பெயர் சாலமன் சர் ஜோன்ஸ். ஒக்லகோமா மாநிலத்துக் கறுப்பினப் பாதிரியார். 1924 முதல் 1928 வரை, சிறு படக்கருவியொன்றை ஏந்தி அவர் எடுத்தவை 29 சுருள்கள். பள்ளிப் பிள்ளைகள், கடைக்காரர், உழவர், ஊர்வலம், தேவாலய வாயிலிலே கூடிய குடும்பங்கள்! 1921இல் வெள்ளை வெறியர் டல்சா நகரின் கிரீன்வுட் பகுதியிலே ஏறத்தாழ 35 தெருத்தொகுதிகளைச் சாம்பலாக்கினர். அதே டல்சாவிலே, மீண்டும் எழுந்து வாழ்ந்த மக்களை அவர் படம் பிடித்தார். அவரது வேதம் நமக்கு உடன்பாடன்று. அவர் ஏந்திய கருவியோ நம் வணக்கத்துக்குரியது.

கலை நயம் குறைவு என்பர் சிலர். இருக்கட்டும்! படம் ஆடுகிறது, ஆனால் அதிலுள்ள மனிதர் அசையாமல் நிற்கின்றனர், இதோ நாங்கள் என்று. முதலாளியின் செய்திப்படம் நிகழ்ச்சியைத் தேடியது. ஜோன்ஸ் வாழ்க்கையைத் தேடினார். 2016இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலே அவரது படங்கள் இடம்பெற்றன. காலந்தாழ்ந்த நீதி, எனினும் நீதி!

கண்ணால் காண்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பது நம் மூதுரை. எனவே, திரையில் தெரிவது எது என்பதோடு நில்லாதீர். கருவி எவர் கையில் என்று கேளுங்கள்!